சொல் விளக்கம்: முடி கவித்தலும் மண்ணுமங்கலமும்

இம்முறை வந்த மடல்களுள் பல, வாசகர்கள் கூடிப் பேசிவைத்துக்கொண்டு அனுப்பியவை போல, முடிசூட்டு என்னும் ஒரே பொருளைச் சுற்றியே அமைந்திருந்தன. ஆகவே பிற கேள்விகளை அடுத்த இதழுக்கு ஒதுக்கிவிட்டு, இவற்றுக்கு மட்டும் இங்கே விடையளிக்கிறேன்.

கேள்வி: தமிழ் மொழி மாதத்தையொட்டி என் மகளின் பள்ளியில் இராமாயண நாடகம் ஒன்றை அரங்கேற்றுகிறார்கள், வசனம் எழுதும் பொறுப்பை நான் ஏற்றிருக்கிறேன். காலஞ்சென்ற என் அத்தையின் குறிப்பேட்டில் "இராமன் வீடணனுக்கு இலங்கை முடி கவித்தான்" என்ற வரியைக் கண்டு, அழகாக இருக்கிறதே என்று எடுத்துக்கொண்டேன். ஒத்திகையில் அதைக் கேட்டவர்கள், முடியைக் கவிழ்த்தான் என்றால் ஆட்சியைக் கலைத்தான் என்றல்லவா பொருள்படும் என்கிறார்கள். கவித்தல் என்று ஒரு சொல் உண்டா? கவிஞரைக் குறிக்கும் கவிக்கும் அதற்கும் தொடர்பு உண்டா?
(ஈசூன் வாசகி)

பதில்: உங்கள் அத்தையின் வரியில் சொற்பிழை இல்லை. அது கம்பனைக் காதால் கேட்டு வளர்ந்த ஒருவர் எழுதக்கூடிய வரி.

கவித்தல் என்பதற்கு, மேலிருந்து வளைந்து மூடும்படி செய்தல் என்பது அடிப்படைப் பொருள். அதன் தன்வினையாகிய கவிதல் இன்றும் எழுத்தில் வழங்குகிறது. "இருள் கவிந்தது", "மேகம் கவிந்தது" என்று சிறுகதை எழுதுவோர் இயல்பாக எழுதுகிறார்கள். பிறவினையாகிய கவித்தல் மட்டும் பேச்சிலிருந்தும் உரைநடையிலிருந்தும் ஏறத்தாழ மறைந்துவிட்டதால், அதைக் கேட்கிறவர் காது தனக்குப் பழக்கமான கவிழ்த்தலைப் பிடித்துக்கொள்கிறது. இரண்டும் ஒலியிலும் பொருளிலும் நெருங்கியவைதாம், ஆயினும் வேறுவேறு வினைகள். கவிக்கிறான், கவித்தான், கவிப்பான் என்பது ஒன்று. கவிழ்க்கிறான், கவிழ்த்தான், கவிழ்ப்பான் என்பது மற்றொன்று. ழகரம் ஒன்றுதான் அரசனை ஆக்குவதற்கும் அகற்றுவதற்கும் இடையில் நிற்கிறது என்பதால், மேடையில் அதைச் சொல்லப்போகும் பிள்ளையின் உச்சரிப்பில் சற்றுக் கவனம் வைப்பது நல்லது.

இந்த வினையின் இயல்பை அறியக் குடையைப் பார்க்க வேண்டும். குடைக்குக் கவிகை என்றொரு பெயர் உண்டு. "செவிகைப்பச் சொற்பொறுக்கும் பண்புடை வேந்தன் கவிகைக்கீழ்த் தங்கும் உலகு" என்ற 389ஆம் குறளைப் பள்ளியில் படித்திருப்பீர்கள். அந்தக் கவிகை, கவிந்திருப்பது என்ற பொருளில் குடையைக் குறிக்கிறது. மேலே விரிந்து, கீழே உள்ளவரை வெயிலும் மழையும் படாமல் காப்பது குடை. ஆகவே கவித்தல் என்னும் வினைக்குள் மூடுதலோடு காத்தலும் சேர்ந்தே இருக்கிறது. முடி தலையில் இறங்கி அமர்வதற்கு இந்த வினையைப் பயன்படுத்தும்போது அந்தக் காப்பும் உடன் வருகிறது. சூட்டுதல், அணிதல் முதலிய பிற வினைகளில் அது இல்லை.

கம்பன் இதை எங்கே பயன்படுத்துகிறான் என்பதைக் கவனியுங்கள். யுத்த காண்டத்தில் வீடணன் கடற்கரையில் அடைக்கலம் புகுகிறான். இலங்கைச் செல்வம் உனக்கே என்று இராமன் வாக்களித்தபோது, அரக்கனுக்குப் பின் பிறந்த பழி தீர வேண்டுமானால், "இளையவற் கவித்த மோலி என்னையும் கவித்தி" என்று அவன் வேண்டுகிறான். இளையவன் என்பது பரதன். அவனுக்குக் கவித்த மோலி என்பது பொன்முடி அன்று, இராமனின் திருவடி நிலை. இலங்கையின் முடியைக் கேட்க வேண்டிய இடத்தில், தம்பிக்குக் கொடுத்த பாதுகையை எனக்கும் கொடு என்கிறான் வீடணன். அடைக்கலம் புகுந்தவன் வாயில் புனைதலும் அணிதலும் வராமல், குடைக்கு உரிய வினை வருவதைத் தற்செயல் என்று என்னால் கருத முடியவில்லை. ஓசைக்காகவும் வந்திருக்கலாமே என்று ஒருவர் வாதிடலாம். ஆனால் ஒரே அடியில் கவித்த, கவித்தி என இருமுறை அதே வினையை வைத்தவன், அதன் பொருளை எண்ணாமல் வைத்திருப்பான் என்று நான் நம்பவில்லை.

காப்பியத்தின் முடிவில் இராமனுக்கு முடிசூட்டும் புகழ்பெற்ற பாடலில், "அரியணை அனுமன் தாங்க, அங்கதன் உடைவாள் ஏந்த, பரதன் வெண்குடை கவிக்க" என்று தொடங்கி, "வசிட்டனே புனைந்தான் மௌலி" என்று முடிக்கிறான். அங்கே குடைக்குக் கவித்தல், முடிக்குப் புனைதல் என்று வினைகள் தத்தம் இடத்துக்குத் திரும்பிவிடுகின்றன. யாரும் யாரிடமும் அடைக்கலம் புகாத, அழகும் முறைமையும் நிறைந்த சடங்கு அது. புனைதல் என்பது ஒப்பனையோடு சேர்ந்த சொல்லாகையால் அதற்கு முற்றும் பொருந்துகிறது.

நாடகத்துக்காக ஒரு திருத்தம் மட்டும் சொல்லத் தோன்றுகிறது. வாக்களித்தவன் இராமனே ஆயினும், போர் முடிந்தபின் இலங்கை நகருக்குள் சென்று வீடணனுக்கு முடி கவித்தவன் இலக்குவன். வனவாச நோன்பு முடியாததால் இராமன் நகருக்குள் நுழையவில்லை. "இராமன் ஆணைப்படி இலக்குவன் வீடணனுக்கு முடி கவித்தான்" என்று மாற்றிக்கொண்டால், விவரம் அறிந்த பெற்றோர் எவரும் குறை சொல்ல மாட்டார்கள்.

கவிஞரைக் குறிக்கும் கவி வடசொல். குரங்கைக் குறிக்கும் கவி, கபி என்னும் வடசொல்லின் தமிழ் வடிவம். மூன்றுக்கும் உறவில்லை. இராமாயண நாடகத்தில் மூன்றும் ஒரே மேடையில் நிற்கக்கூடும் என்பது வேறு செய்தி.

கேள்வி: தேசிய நூலகத்தில் தொல்காப்பிய உரை ஒன்றைப் புரட்டியபோது மண்ணுமங்கலம் என்ற சொல்லைக் கண்டேன். மண்ணுக்குச் செய்யும் மங்கலம், அதாவது நாம் வீடு கட்டும்போது செய்யும் பூமி பூசை போன்றது என்று எண்ணினேன். உரையோ அரசன் முடிபுனைவதைப் பற்றிப் பேசுகிறது. மண்ணுக்கும் முடிக்கும் என்ன தொடர்பு?
(தெம்பனீஸ் வாசகர்)

பதில்: தொடர்பு மண்ணோடு அன்று, நீரோடு. மண்ணுதல் என்ற பழைய வினைக்குக் கழுவுதல், நீராட்டுதல், தூய்மை செய்து பொலியச் செய்தல் ஆகியவை பொருள். மனைவியைப் பிரிந்து வாழ்ந்த பேகனிடம் பரிசில் வேண்டாம் என்று மறுத்த புலவர், அவளுடைய எண்ணெய் காணாத கூந்தலை "மண்ணுறு மணியின் மாசற மண்ணிப்" புதுமலர் சூடும்படி நீ இன்றே புறப்பட்டால் அதுவே எனக்குப் பரிசில் என்கிறார். கழுவிய மணியைப் போல மாசு நீங்கும்படி கழுவி என்பது அந்த அடியின் பொருள். இந்த வினை வழக்கொழிந்த பிறகு எஞ்சிய சொல்லைப் பார்க்கிற நமக்குக் கால் பதியும் மண்ணே நினைவுக்கு வருவது இயல்புதான்.

அரசு தொடர்பான நீராட்டுக்கும் இதே வினை வழங்கியது. மோசிகீரனார் களைப்பு மிகுதியால் முரசுகட்டில் என்று அறியாமல் ஏறி உறங்கிவிட, சேரமான் பெருஞ்சேரல் இரும்பொறை அவரைத் தண்டிக்காமல் கவரி கொண்டு வீசிய கதையை அறியாத தமிழ் மாணவர் இல்லை. ஆனால் அந்தக் கட்டில் அப்போது ஏன் வெறுமையாக இருந்தது என்பதைப் பலரும் கேட்பதில்லை. விடை அந்தப் புறநானூற்றுப் பாடலிலேயே இருக்கிறது: முரசம் "மண்ணி வாரா அளவை", அதாவது நீராட்டுக்காக எடுத்துச் சென்ற முரசு இன்னும் திரும்பி வராத வேளை. அரசனுக்கு மட்டுமன்றி அரசச் சின்னங்களுக்கும் நீராட்டு உண்டு என்பதை அந்த மூன்று சொற்கள் காட்டிவிடுகின்றன.

தொல்காப்பியப் புறத்திணையியல் இச்சொல்லை இரண்டு இடங்களில் வைக்கிறது. மதில் முற்றுகையைப் பாடும் உழிஞைத் திணையில், மதிலின்மேல் பொருது பகைவனின் முடியைக் கொண்டவன் ஆடும் நீராட்டு "குடுமி கொண்ட மண்ணு மங்கலம்" எனப்படுகிறது. அடுத்த அடியிலேயே வென்ற வாளையும் நீராட்டுகிறார்கள். தலைவனின் புகழைப் பாடும் பாடாண் திணையில் வருவதுதான் நீங்கள் கண்டது. "பிறந்த நாள்வயிற் பெருமங்கலமும், சிறந்த சீர்த்தி மண்ணு மங்கலமும், நடைமிகுத்து ஏத்திய குடைநிழல் மரபும்" என்று மூன்று அடிகள் அடுத்தடுத்து வருகின்றன. நடுவில் நிற்கும் மண்ணுமங்கலத்தை, அரசன் முடிபுனைந்து ஆடும் நீராட்டு என்று உரையாசிரியர்கள் விளக்கியிருக்கிறார்கள். ஓர் அரசனின் பிறப்பு, முடிபுனைவு, அவன் குடைநிழலில் குடிகள் வாழ்தல் என்று அந்த வரிசையை ஒரு வாழ்க்கைக் குறிப்பாகவே படிக்கலாம்.

முடிசூட்டு என்றவுடன் நம் மனக்கண்ணில் தோன்றுவது ஒருவர் தலையில் இன்னொருவர் முடியை வைக்கும் காட்சி. பழைய தமிழ் மரபிலும் வடமொழி மரபிலும் அதற்கு இணையான, சில வேளை அதைவிட முதன்மையான செயல், தலையில் நீர் சொரிவது. அபிடேகம் என்ற சொல்லுக்கும் நீர் தெளித்தல், நீராட்டுதல் என்பதே நேர்ப்பொருள். பட்டாபிடேகம் என்பதில் பட்டம் ஒரு பாதி, நீராட்டு மறு பாதி. வான்மீகியில் வீடணனுக்கு நடந்த முதல் அபிடேகத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே அரியணையும் இல்லை, அரண்மனையும் இல்லை. இராமன் சொல்ல, இலக்குவன் எதிரே கிடந்த கடலிலிருந்து நீர் கொணர்ந்து தலையில் சொரிந்து அவனை அரக்கர்க்கு அரசனாக்குகிறான். நீர் இருந்தால் போதும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை. 2023ஆம் ஆண்டு பிப்ரவரி 12ஆம் நாள் சவுத் பிரிட்ஜ் சாலை மாரியம்மன் கோயில் குடமுழுக்கில் கோபுரத்தின் மேல் குடநீர் சொரிந்ததைக் கூட்டத்தோடு நின்று பார்த்தவர்களுக்கு, அரசனுக்குச் செய்த சடங்கும் தெய்வத்துக்குச் செய்யும் சடங்கும் ஒரே சொல்லால் வழங்குவது வியப்பாக இராது.

மண்ணுதலும் மாலையணிதலும் அடுத்தடுத்து நிகழ்வதைப் புறநானூற்று 79ஆம் பாடலில் காணலாம். இளவயதில் தலையாலங்கானத்துப் போரை வென்ற பாண்டியன் நெடுஞ்செழியனை இடைக்குன்றூர் கிழார், "மூதூர் வாயில் பனிக்கயம் மண்ணி, மன்ற வேம்பின் ஒண்குழை மலைந்து" வந்தான் என்கிறார். ஊர்வாயிலில் உள்ள குளிர்ந்த குளத்தில் நீராடி, மன்றத்து வேம்பின் தளிரைத் தலையில் அணிந்து வருகிறான். இது போருக்குப் புறப்பாடு, முடிசூட்டு அன்று. ஆயினும் முதலில் நீர், பிறகு தலையணி என்ற வரிசை இரண்டுக்கும் பொதுவாக இருந்திருக்கிறது.

நீராட்டே முதன்மை என்பதால்தான், முன்பே முடிசூடிய அரசனும் மீண்டும் அபிடேகம் செய்துகொள்ள முடிந்தது. 1216இல் பட்டமேற்ற முதலாம் மாறவர்மன் சுந்தர பாண்டியன் சோழநாட்டின்மேல் படையெடுத்துத் தஞ்சையையும் உறையூரையும் எரித்தபின், சோழர்களின் ஊரிலேயே அபிடேகம் செய்துகொண்டான். "சோணாடு கொண்டு முடிகொண்ட சோழபுரத்து வீராபிஷேகம் பண்ணியருளிய" என்று அவனுடைய கல்வெட்டுகள் அவனைக் குறிக்கின்றன. அந்த ஊர்ப்பெயரில் இருக்கும் முடி சோழனுடையது, வீராபிடேகத்தின் நீர் பாண்டியனுடையது. உழிஞைத் திணையின் மண்ணுமங்கலம் ஆயிரம் ஆண்டுகளுக்குப் பிறகும் வடமொழிப் பெயரோடு தொடர்ந்து வந்திருக்கிறது என்றே நான் கொள்கிறேன்.

முடி என்னும் பொருளே பெரிதாகிப் போன வரலாறும் உண்டு என்பதை மறைக்க வேண்டியதில்லை. பத்தாம் நூற்றாண்டில் முதலாம் பராந்தகனிடம் தோற்ற பாண்டியன் தன் முடியை ஈழத்தில் அடைக்கலமாக வைத்தான். மதுரையில் அதைச் சூட வேண்டும் என்ற பராந்தகனின் முயற்சி பலிக்கவில்லை. ஏறத்தாழ நூறு ஆண்டுகள் கழித்து முதலாம் இராசேந்திரன் அதைக் கைப்பற்றினான். "முன்னவர் பக்கல் தென்னவர் வைத்த சுந்தர முடியும் இந்திரன் ஆரமும்" என்று கல்வெட்டுகளின் தொடக்கத்தில் வரும் புகழுரையாகிய அவனுடைய மெய்க்கீர்த்தி அதைப் பெருமையோடு எண்ணிச் சொல்கிறது. நம் கடற்பகுதியைச் சேர்ந்த ஸ்ரீவிசயமும் கடாரமும் அதே மெய்க்கீர்த்தியின் பிற்பகுதியில் வருகின்றன.

கேள்வி: போட்டியில் வென்றவரைப் பற்றி எழுதும்போது "வாகை சூடினார்" என்பதா, "வாகை சூட்டினார்" என்பதா? இரண்டையும் காண்கிறேன்.
(பிடோக் வாசகர்)

பதில்: தானே அணிந்தால் சூடினார்; பிறருக்கு அணிவித்தால் சூட்டினார். 2016ஆம் ஆண்டு ரியோ ஒலிம்பிக்கில் 100 மீட்டர் வண்ணத்துப்பூச்சி பாணி நீச்சலில் தங்கம் வென்ற ஜோசப் ஸ்கூலிங் வாகை சூடினார். அவருக்குப் பதக்கம் அணிவித்தவர் வேண்டுமானால் வாகை சூட்டினார் எனலாம். இவ்வளவுதான் இலக்கணம்.

ஆனால் சூடுதல் அடிப்படையில் பூவுக்கு உரிய வினை என்பது நினைவில் இருக்கட்டும். வாகை வெற்றிக்கு உரிய பூ. நம் சாலையோரங்களில் குடைபோல விரிந்து நிற்கும் தூங்குமூஞ்சி மரம் அதற்கு நெருங்கிய உறவு. மூவேந்தரின் அடையாளமாகத் தொல்காப்பியம் "போந்தே வேம்பே ஆர்" என்று பனை, வேம்பு, ஆத்தி ஆகியவற்றைச் சொல்லும்போது, அவை அவர்கள் "மலைந்த பூ" என்கிறது. முன்சொன்ன நெடுஞ்செழியனையே 77ஆம் பாடல், சிறுவர்க்கு உரிய குடுமியைக் களைந்த தலையில் வேம்பின் தளிரை உழிஞைக் கொடியோடு "மிலைந்து" நின்றவன் என்று காட்டுகிறது. மலைதல், மிலைதல், வேய்தல், சூடுதல் எல்லாம் பூவும் தளிரும் தலைக்கு ஏறும் வினைகள். பொன்முடிக்குத் தமிழ் புதிதாக வினை ஒன்றைத் தேடவில்லை. பூவுக்கு இருந்ததையே கொடுத்துவிட்டது.

சூட்டுதல் என்ற பிறவினையில் சூட்டுபவரின் உரிமையும் அடங்கியிருப்பதைப் பெரியபுராணத்துக் கூற்றுவ நாயனார் வரலாறு காட்டும். மன்னர் பலரை வென்று நாடு கொண்ட அவர், தமக்கு முடிசூட்டுமாறு தில்லைவாழ் அந்தணரை வேண்டினார். சோழர் குலத்தவர்க்கு "அன்றிச் சூட்டோம் முடி" என்று அவர்கள் மறுத்துச் சேரநாட்டுக்குச் சென்றுவிட்டார்கள். நாடு கையில் இருந்தும் சூட்டுவார் இல்லாததால் முடி இல்லை. அன்றிரவு கனவில் இறைவன் தன் திருவடியையே அவர் தலையில் முடியாகச் சூட்டினான் என்பது சேக்கிழார் சொல்லும் முடிவு. வீடணன் கேட்டதும் அதுபோன்ற முடியையே.

கேள்வி: அரசன் பட்டம் ஏற்பதும், மாணவர் பட்டம் பெறுவதும், பிள்ளைகள் பட்டம் விடுவதும் ஒரே சொல்தானா?
(ஜூரோங் வாசகி)

பதில்: முதல் இரண்டும் ஒன்றே. பட்டம் என்பது நெற்றியில் கட்டும் பொன் தகடு அல்லது பட்டை. யானையின் நெற்றிப் பட்டமும் அதுவே. ஆகவேதான் முடியைச் சூட்டுவார்கள், பட்டத்தைக் கட்டுவார்கள். வராகமிகிரரின் பிருகத் சங்கிதை பட்டங்களின் இலக்கணத்துக்கென ஓர் இயலையே ஒதுக்கியிருக்கிறது. அரசனுடைய பட்டத்துக்கு ஐந்து சிகரங்கள், பட்டத்தரசிக்கும் இளவரசனுக்கும் மூன்று, படைத்தலைவனுக்கு ஒன்று. அரசன் அருளால் பிறருக்கு அளிக்கும் பட்டத்துக்குச் சிகரமே இல்லை. நெற்றியைப் பார்த்தே பதவியைப் படித்துவிடலாம்.

தகடு போய், அது குறித்த பதவி மட்டும் சொல்லில் தங்கியது; பிறகு பதவியும் போய்த் தகுதி தங்கியது. பட்டமளிப்பு விழாவில் நம் பிள்ளைகள் தலையில் சதுரத் தொப்பி அணிந்து நிற்கும்போது, பட்டத்துக்கும் தலைக்கும் இருந்த பழைய உறவு எப்படியோ மீண்டுவிடுகிறது. கோயில்களில் பெருமக்களுக்குத் தலையில் துணி சுற்றிப் பரிவட்டம் கட்டும் மரியாதையிலும் கட்டுதல் என்ற வினை மாறாமல் இருக்கிறது. காற்றில் விடும் பட்டத்தைத் தனிச்சொல்லாகக் கருதுவதே பாதுகாப்பு.

கேள்வி: மலாய்ச் செய்திகளில் மாமன்னரின் பெர்தபலான் என்று சொல்கிறார்கள். தமிழ்ச் செய்திகள் அதை முடிசூட்டு விழா என்கின்றன. மாமன்னர் முடி எதுவும் அணிவதாகத் தெரியவில்லையே! மலாயில் உள்ள மஹ்கோத்தா நம் மகுடம்தானா?
(உட்லண்ட்ஸ் வாசகர்)

பதில்: மஹ்கோத்தாவும் மகுடமும் ஒரே வடசொல்லின் இரண்டு கிளைகள். அங்கே ககரத்துக்கு முன் ஒரு மூச்சொலி சேர்ந்திருக்கிறது, அவ்வளவே.

பெர்தபலான் வேறு வழியில் வந்தது. அதன் நடுவில் இருக்கும் தபல் என்பது முரசைக் குறிக்கும் அரபுச் சொல். நாம் அறிந்த தபேலாவும் அந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததே. மலாய் அரசர் அரியணை ஏறும்போது நோபாட் எனப்படும் அரச இசைக்குழுவின் முரசு முழங்குவது மரபு. ஆக, மலாய்ச் சொல்லின்படி அந்தச் சடங்கு முரசு முழக்கி அரசராக்குவது. முரசைத் தனிக் கட்டிலில் வைத்து, நீராட்டி, அதில் தெரியாமல் ஏறினாலும் தலை போகும் என்று அஞ்சிய சங்கத் தமிழருக்கு இதை விளக்கிச் சொல்ல வேண்டியிருந்திராது.

நீங்கள் கவனித்தது சரிதான். மலேசிய மாமன்னர் அணிவது மடித்துக் கட்டிய துணியாலான தெங்கோலோக் என்னும் தலைப்பாகை. 2024ஆம் ஆண்டு ஜூலை 20ஆம் நாள் சுல்தான் இப்ராகிம் மாமன்னராக அரியணை ஏறியபோதும் அப்படியே. ஆனால் அவரே 2015ஆம் ஆண்டு மார்ச் 23ஆம் நாள் ஜொகூர் சுல்தானாக முடிசூடியபோது உண்மையான பொன்முடியை அணிந்தார். ஜொகூர் அரசமரபில் அந்த வழக்கம் உண்டு. ஆகவே நீரிணையின் அக்கரையில் நடந்த அந்த விழாவை முடிசூட்டு விழா என்பதில் தடையில்லை. மாமன்னருடையதை அரியணையேற்பு விழா என்று எழுதுவது நடந்ததற்கு நெருக்கமாக இருக்கும் என்பது என் கருத்து. முடிசூட்டு என்ற சொல் பொதுப்பொருளுக்கு விரிந்துவிட்டதால், அப்படி எழுதும் செய்தியாளரைப் பிழை செய்தார் என்றும் சொல்ல மாட்டேன்.

முடியைப் பற்றிப் பேசும்போது நம் தீவின் கதையையும் சொல்லிவிட வேண்டும். செஜாரா மெலாயு என்னும் பழைய மலாய் நூல் கூறும் வரலாற்றில், பலெம்பாங்கிலிருந்து வந்த சாங் நீல உத்தமன் துமாசிக் கரையைக் கண்டு கடலைக் கடக்கையில் புயலில் சிக்குகிறான். கப்பலின் சுமையைக் குறைக்க எல்லாவற்றையும் எறிந்தும் பயனில்லை. கடைசியில் தன் மகுடத்தையே கடலில் எறிந்தபின் புயல் தணிகிறது. அவன் கரையேறி, விலங்கொன்றைக் கண்டு, சிங்கபுரம் என்று பெயர் சூட்டி ஆள்கிறான். அரசனாவதற்கு முடியே இன்றியமையாதது என்று எண்ணுவோர் இந்தக் கதையைச் சற்று எண்ணிப் பார்க்கலாம். இங்கே முடி போன பிறகே அரசு தொடங்குகிறது. அவன் பெயர் சூட்டினான் என்று எழுதும்போது நாமும் பூவின் வினையைப் பெயருக்குக் கொடுத்துவிடுகிறோம் என்பதையும் கவனித்திருப்பீர்கள்.

கேள்வி: முடிசூட்டு விழாவா, முடிச்சூட்டு விழாவா?
(செங்காங் வாசகி)

பதில்: முடிசூட்டு விழாதான். முடியைச் சூட்டுதல் என்று இரண்டாம் வேற்றுமை உருபு விரிந்து நின்றால் வல்லினம் மிகும். உருபு மறைந்து இரண்டாம் வேற்றுமைத் தொகையாக நின்றால், நீர் குடித்தான், தமிழ் கற்றான் என்பவற்றைப் போல, மிகாது. முடி கவித்தல், முடி புனைதல் ஆகியவற்றுக்கும் இதே விதி. பட்டம் கட்டுதலைச் சேர்த்து எழுதினால் மகரம் திரிந்து பட்டங்கட்டுதல் என வரும். வாழ்த்து அட்டையில் அச்சிடுவதற்குமுன் கேட்டீர்கள் என்று உங்கள் மடலில் குறிப்பிட்டிருப்பதால், மகுடம் சூட்டு விழா என்று எழுதுவதானாலும் பிரித்தே எழுதுங்கள் என்று சேர்த்துச் சொல்லிவைக்கிறேன்.